போர்டோடு வந்த சி.டி.

சிவகாசி அச்சகங்களின் பின்கட்டில் இன்றைக்கும் பென்டியம் 4 கம்ப்யூட்டர்கள் ஓடிக்கொண்டிருக்கின்றன. முன்கட்டில் பல வண்ண ஆப்செட், ஃபிலிம் இல்லாமலே பிளேட் எடுக்கும் மிஷின் என்று எல்லாம் புதுசு. பின்கட்டில் மட்டும் பழுப்பேறிய கேபினட் ஒன்று விண்டோஸ் எக்ஸ்பியோடு உட்கார்ந்திருக்கும். சில இடங்களில் விண்டோஸ் 98. வெளியூர்க்காரர்கள் பார்த்தால் முதலாளிக்குச் செலவழிக்க மனசில்லை என்று நினைப்பார்கள். காரணம் அதுவல்ல. 1990களிலும் 2000களின் தொடக்கத்திலும் பேஜ்மேக்கரில் செய்த தினசரி காலண்டர் தாள்கள், கல்யாணப் பத்திரிகை மாதிரிகள், தீப்பெட்டி லேபிள்கள் எல்லாம் அந்தக் காலத் தமிழ் எழுத்துருக்களில் இருக்கின்றன. யூனிகோடுக்கு முந்தியவை, ஒவ்வொரு கம்பெனிக்கும் ஒவ்வொரு குறியீட்டு முறை. அவற்றில் சில, பேரலல் போர்ட்டில் ஒரு பூட்டைச் செருகினால்தான் திறக்கும். புதுக் கம்ப்யூட்டர்களில் பேரலல் போர்ட்டே கிடையாது. பேஜ்மேக்கரும் 2001இல் வந்த 7ஆம் பதிப்போடு நின்றுவிட்டது. ஆடிப்பெருக்குக்குக் காலண்டர் ஆல்பம் வெளியாகி ஆர்டர் குவிகிற மாதங்களில் அந்தப் பழைய பெட்டி ஒரு நாள் நின்றால் அச்சகமே நிற்கும்.

1997இல் பாலிடெக்னிக்கில் எலக்ட்ரானிக்ஸ் முடித்து வந்த என்னை ஊரிலிருந்த கம்ப்யூட்டர் கடைகளெல்லாம் டைப் அடிக்கத்தான் கூப்பிட்டன. ஒரு கடை அண்ணாச்சி மட்டும் கையில் திருப்புளியைக் கொடுத்தார். அன்றிலிருந்து இந்தப் பெட்டிகளைப் பழுது பார்ப்பதுதான் என் பிழைப்பு. இத்தனை வருஷத்தில் நான் கண்டது, பழைய கம்ப்யூட்டர் இரும்பு தேய்ந்து சாவதில்லை. எஸ்எம்பிஎஸ் என்கிற பவர் சப்ளை போனால் மதுரையில் கிடைக்கும். வீங்கிய கெப்பாசிட்டரைப் பிடுங்கிவிட்டு வேறு பற்றவைக்கலாம். ராம், ஹார்ட் டிஸ்க் எல்லாம் பழைய சாமான் கடையிலேயே அகப்படும். நன்றாக ஓடக்கூடிய பெட்டி குப்பைக்குப் போவது பெரும்பாலும் ஒரே காரணத்தால்தான்: ஃபார்மேட் போட்ட பிறகு அதன் டிரைவர் கிடைக்கவில்லை. சில நூறு கேபி, மிஞ்சிப்போனால் சில எம்பி வரும் அந்தக் கோப்புகள் எங்கிருந்து வந்தன, எங்கள் ஊர் வரை எப்படி வந்து சேர்ந்தன, யார் கையில் தங்கின என்பதே இந்தத் தொழிலின் வரலாறு என்று நான் நினைக்கிறேன்.

டிரைவர் என்ன செய்கிறது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். உங்கள் சவுண்டு கார்டு எந்தச் சிப்பில் செய்தது, அதற்கு என்ன கட்டளை கொடுத்தால் சத்தம் வரும் என்பது விண்டோஸுக்குத் தானாகத் தெரியாது. தெரிந்த சின்ன புரோகிராம் ஒன்று நடுவில் நிற்க வேண்டும். அதைச் சிப் செய்தவர் எழுத வேண்டும், இல்லை சிப்பின் உள்விவரம் கிடைத்த ஒருவர் எழுத வேண்டும். வெளியிலிருந்து பார்த்து ஊகித்து எழுதுவது மிகக் கடினம்.

நான் கடையில் சேர்ந்தபோது வந்த பெட்டிகளில் பாதி 486, மீதி பென்டியம். விண்டோஸ் 95 வெளியாகி (1995 ஆகஸ்ட் 24) இரண்டு வருஷம் ஆகியிருந்தது. கார்டைச் செருகினால் போதும், கம்ப்யூட்டரே கண்டுபிடித்துக்கொள்ளும் என்று அதற்கு விளம்பரம். எங்களிடம் வந்த பழைய ஐஎஸ்ஏ கார்டுகள் அந்த வசதிக்கு முந்தியவை. அவற்றின் மேல் வரிசையாகக் கம்பிகள் நிற்கும். எந்த இரண்டு கம்பிக்கு ஜம்பர் போடுகிறோமோ அதுதான் அதன் முகவரி. சவுண்டு பிளாஸ்டர் 16 என்றால் போர்ட் 220, ஐஆர்க்யூ 5, டிஎம்ஏ 1. பிரிண்டர் போர்ட் ஐஆர்க்யூ 7இல் இருக்கும். இரண்டு கார்டு ஒரே ஐஆர்க்யூவில் போய் உட்கார்ந்தால் இரண்டுமே ஓடாது, சில சமயம் கம்ப்யூட்டரே எழுந்திருக்காது. அண்ணாச்சி ஒவ்வொரு கேபினட்டின் உள்பக்கமும் இந்த எண்களை மார்க்கரில் எழுதி வைப்பார். இப்போதும் சில பெட்டிகளைத் திறந்தால் அவர் கையெழுத்து இருக்கிறது.

அதைவிடப் பெரிய சிக்கல் சி.டி. டிரைவ். விண்டோஸ் சி.டி.யில் வருகிறது. சி.டி.யைப் படிக்க டாஸில் அந்த டிரைவுக்கான டிரைவர் வேண்டும். அது பிளாப்பியில் வரும். கான்ஃபிக்.சிஸ் கோப்பில் ஒரு வரி, ஆட்டோஎக்ஸெக்.பேட் கோப்பில் எம்எஸ்சிடிஎக்ஸ் என்று இன்னொரு வரி. இரண்டிலும் கொடுக்கும் பெயர் அச்சாக ஒன்றாக இருக்க வேண்டும். சிவகாசி வெயிலிலும் அச்சக மைக் காற்றிலும் பிளாப்பி எவ்வளவு நாள் தாங்கும்? வெளி உறையைத் தள்ளிப் பார்த்தால் உள்ளே பழுப்பு வட்டில் பூஞ்சை படிந்திருக்கும். விண்டோஸ் 98 வந்தபோது அதன் ஸ்டார்ட்அப் பிளாப்பியில் ஓக் டெக்னாலஜி என்ற கம்பெனி எழுதிய ஓக்சிடிராம்.சிஸ் என்ற பொது டிரைவரையும் போட்டுக் கொடுத்தார்கள். கையில் கிடைத்த ஐடிஇ சி.டி. டிரைவ்களில் பெரும்பாலானவை அதற்குக் கட்டுப்பட்டன. அந்த ஒரு கோப்புக்காக நான் இன்றைக்கும் நன்றியோடு இருக்கிறேன்.

விண்டோஸ் 98 விற்பனைக்கு வருமுன் 1998 ஏப்ரலில் சிகாகோவில் நடந்த காம்டெக்ஸ் கண்காட்சி மேடையில், பில் கேட்ஸ் பக்கத்தில் நிற்க, ஒரு ஸ்கேனரைச் செருகிக் காட்டினார்கள். திரை நீலமாகிப் பெட்டி நின்றுவிட்டது. உலகத்திலேயே பெரிய சாப்ட்வேர் கம்பெனியின் மேடையிலேயே நிலைமை அதுதான் என்றால், தேரடித் தெருவில் ஒரு கடையில் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

இன்டர்நெட்டில் இறக்கிக்கொள்ளலாமே என்பார்கள். வி.எஸ்.என்.எல். இன்டர்நெட்டைப் பொதுமக்களுக்குத் திறந்தது 1995 ஆகஸ்ட் 15. தனியார் சேவையாக சத்யம் இன்ஃபோவே வந்தது 1998 கடைசியில். அதெல்லாம் மோடம் வைத்துத் தொலைபேசிக் கம்பியில் போகிற இன்டர்நெட். மலிவாகக் கிடைத்த உள் மோடம்களில் பாதி வேலையைச் செய்வதே டிரைவர்தான். அது இல்லாவிட்டால் அந்தக் கார்டு வெறும் தகடு. டிரைவர் வேண்டுமானால் இன்டர்நெட் வேண்டும், இன்டர்நெட் வேண்டுமானால் மோடம் ஓட வேண்டும், மோடம் ஓட டிரைவர் வேண்டும். பைத்தியம் தெளிந்தால்தான் கல்யாணம், கல்யாணம் ஆனால்தான் பைத்தியம் தெளியும் என்கிற கதை. பிரவுசிங் சென்டரில் போய் உட்கார்ந்து, 1.44 எம்பி பிளாப்பிகளுக்குத் தக்கபடி கோப்பைத் துண்டு போட்டு எடுத்து வருவோம். கடைக்கு வந்து சேர்க்கும்போது கடைசிப் பிளாப்பி படிக்காது. பென் டிரைவ் வந்த பிறகும் விண்டோஸ் 98 பெட்டிகளுக்கு விடிவு வரவில்லை: அந்தப் பென் டிரைவைப் படிக்கவே தனியாக ஒரு டிரைவரைப் பிளாப்பியில் போட வேண்டியிருந்தது.

அதனால் போர்டோடு வந்த சி.டி.தான் எல்லாம்.

எங்கள் சரக்கு சென்னை ரிச்சி தெருவிலிருந்து வரும். மவுண்ட் ரோட்டுக்கும் சிந்தாதிரிப்பேட்டைக்கும் நடுவில் நரசிங்கபுரம் தெரு, மீரான் சாகிபு தெரு என்று ஒன்றுக்குள் ஒன்று பின்னிய சந்துகள். ரேடியோ பார்ட்ஸ் விற்ற இடம். கம்ப்யூட்டர் வந்ததும் கம்ப்யூட்டர் பார்ட்ஸுக்கு மாறியது. இந்தியா 1997இல் உலக வர்த்தக அமைப்பின் தகவல் தொழில்நுட்ப உடன்படிக்கையில் சேர்ந்தபின் இந்தச் சாமான்களின் சுங்க வரி படிப்படியாக இறங்கி 2005இல் இல்லாமலே போனது. மதர்போர்டு ஓரிடம், ராம் ஓரிடம், கேபினட் ஓரிடம் வாங்கிக் கோத்துக் கொடுக்கும் அசெம்பிள்டு சிஸ்டம்தான் எங்கள் பக்கத்துக்கு ஏற்றது. கம்பெனிப் பெட்டி என்றால் கம்பெனிக்காரன் டிரைவருக்குப் பதில் சொல்வான். அசெம்பிள்டு பெட்டிக்கு நாங்கள்தான் பதில் சொல்ல வேண்டும். போர்டு அட்டைப்பெட்டியில் ஐடிஇ கேபிள், மெல்லிசாக ஒரு புத்தகம், சி.டி. இருக்கும். பெட்டியும் புத்தகமும் அச்சகத்தில் ஒரு வாரம் தங்காது. பிள்ளைகள் சி.டி.யை நூல் கட்டித் தொங்கவிட்டு விளையாடும். எனவே அண்ணாச்சி ஒரு வழக்கம் வைத்திருந்தார்: காப்பி போடாமல் எந்த சி.டி.யும் கடையை விட்டு வெளியே போகாது. காப்பியின் மேல் போர்டின் பெயர், சவுண்டு சிப்பின் எண், லேன் சிப்பின் எண், வாங்கிய மாதம், எந்த அச்சகம் என்று எழுதுவார். கடை மூலையில் ஜிப் வைத்த பைகளில் அவை அடுக்கியிருக்கும். அண்ணாச்சி கடையை மூடியபோது எனக்கென்று கேட்டு வாங்கிக்கொண்டது அந்தப் பைகளை மட்டும்தான்.

ரிச்சி தெரு, டில்லியின் நேரு பிளேஸ், மும்பையின் லாமிங்டன் ரோடு, பெங்களூரின் எஸ்.பி. ரோடு, இவற்றைச் சுற்றி ஊரூருக்கு என்னைப் போன்றவர்களிடம் இந்தப் பைகள் இருந்திருக்கும். அப்போது எந்த நூலகமும் இவற்றைச் சேர்த்ததாக நான் கேள்விப்படவில்லை. போர்டு செய்த கம்பெனிகளில் பலவும் வைத்துக்கொள்ளவில்லை. பெரும்பாலும் சர்வீஸ் பார்ப்பவர்களின் பையில்தான் அவை பிழைத்தன. இதைச் சொல்ல எனக்குப் பெருமைதான்.

சி.டி. இல்லாத பெட்டி வந்தால்? போர்டின் பெயரைக் கண்டுபிடிக்க வேண்டும். அது சொல்லும் அளவுக்கு எளிதாக இருந்ததில்லை. 1990களின் கடைசியில் வந்த மலிவு போர்டுகள் சிலவற்றில் பெரிய சிப்பின் முதுகில் விஎக்ஸ் ப்ரோ, டிஎக்ஸ் ப்ரோ என்று அச்சடித்திருக்கும். இன்டெலின் 430விஎக்ஸ், 430டிஎக்ஸ் என்று வாங்குகிறவர் எண்ணிக்கொள்ளட்டும் என்று வைத்த பெயர்கள். உள்ளே இருந்தது வேறு கம்பெனிகளின் சிப். இன்டெல் டிரைவரைப் போட்டால் ஏற்காது. அப்போது நாங்கள் போர்டிலேயே பதிந்திருக்கும் பயாஸைக் கேட்போம். பவர் போட்டு, ராம் எண்ணும்போதே பாஸ் கீயை அழுத்தினால் திரை அப்படியே நிற்கும். அவார்டு பயாஸ் என்றால் அடியில் தேதியோடு ஒரு நீண்ட வரி. அதில் 2ஏ69கே என்று இருந்தால் சிப்செட் இன்டெல் 440பிஎக்ஸ். அதை ஒட்டி வரும் இரண்டு எழுத்து போர்டைச் செய்தவர்: ஜி0 என்றால் கிகாபைட், ஏ1 என்றால் ஏபிட். கார்டாக இருந்தால் அமெரிக்கத் தகவல் தொடர்பு ஆணையமான எஃப்சிசி கொடுத்த எண் முதுகில் இருக்கும். அந்த எண்ணின் முன்பாதியே செய்த கம்பெனியைக் காட்டிக்கொடுக்கும்.

பிசிஐ ஸ்லாட் பரவலான பிறகு வேலைக்கு ஒரு ஒழுங்கு வந்தது. 1992இல் இன்டெல் கொண்டுவந்த இந்த முறையில் ஒவ்வொரு சிப்பும் தன்னிடம் இரண்டு எண்களைச் சுமக்கிறது: ஒன்று செய்தவருடையது, ஒன்று சரக்கினுடையது. அச்சடித்த பெயர் பொய் சொல்லலாம். எண் பெரும்பாலும் பொய் சொல்லாது. விண்டோஸ் எக்ஸ்பியில் டிவைஸ் மேனேஜரைத் திறந்தால் டிரைவர் இல்லாத ஒவ்வொன்றுக்கும் மஞ்சள் கேள்விக்குறி நிற்கும். அதன் மேல் இரட்டைக் கிளிக் செய்து டீட்டெய்ல்ஸ் பக்கம் போனால் வென், டெவ் என்று எண்கள். வென் 8086 இன்டெல். 1978இல் அவர்கள் செய்த பிராசசரின் எண்ணையே தங்கள் அடையாளமாக எடுத்துக்கொண்டார்கள். 1106 வியா. 1039 சிஸ். 10டிஇ என்விடியா. 10ஈசி ரியல்டெக். 1002 ஏடிஐ. செல்போன் எண்களை மறந்த பிறகும் இவை என் நினைவில் இருக்கின்றன.

ஒரு பெட்டியை எடுத்துக் காட்டுகிறேன். 2003இல் வந்த இன்டெல் 865ஜி போர்டு; சிவகாசியில் இன்றும் அதிகம் ஓடுகிற வகைகளில் ஒன்று. எக்ஸ்பி போட்டு முடித்ததும் திரை பெரிய பெரிய எழுத்தாக இருக்கும், பதினாறே வண்ணம். முதலில் சிப்செட்டுக்கான ஐஎன்எஃப் கோப்பு. அது எதையும் ஓட்டுவதில்லை. போர்டில் இருப்பவை என்னென்ன என்று விண்டோஸுக்குப் பெயர் சொல்லிக் கொடுக்கிறது. அதைப் போட்டதுமே பாதிக் கேள்விக்குறிகள் போய்விடும். அடுத்து வீடியோ: வென் 8086, டெவ் 2572. அதற்கு இன்டெலின் எக்ஸ்ட்ரீம் கிராபிக்ஸ் 2 டிரைவர், சந்தேகமே இல்லை.

சவுண்டுதான் பார்க்க வேண்டிய இடம். டிவைஸ் மேனேஜர் வென் 8086, டெவ் 24டி5 என்று காட்டும். இன்டெல் என்று நம்பி இன்டெல் சவுண்டு டிரைவரைத் தேடினால் நாள் போய்விடும். 1997இல் இன்டெல் வகுத்த ஏசி 97 முறையில் சவுண்டு வேலை இரண்டு பங்கு. எண்களைக் கையாளுகிற பங்கு சிப்செட்டுக்குள் இருக்கிறது. அதன் எண்தான் திரையில் தெரிகிறது. எண்ணைச் சத்தமாக மாற்றுகிற பங்கு, ஸ்பீக்கர் செருகும் துளைகளுக்குப் பின்னால், நாலு பக்கமும் கால் உள்ள சின்னச் சதுரச் சிப்பில் இருக்கிறது. மொத்தம் 48 கால். அதைப் போர்டு செய்தவர் யாரிடம் வேண்டுமானாலும் வாங்கியிருப்பார். பெட்டியைப் படுக்கவைத்து, தூசியைத் தூரிகையால் தட்டி, லென்ஸ் வைத்து டார்ச்சைச் சரித்துப் பிடிக்க வேண்டும். நேராக அடித்தால் எழுத்து தெரியாது, சாய்த்து அடித்தால் தெரியும். நண்டு படம் இருந்தால் ரியல்டெக். ஏஎல்சி 650, 655 என்று எண் இருக்கும். ஏடி 1985 என்றால் அனலாக் டிவைசஸ், சவுண்டுமேக்ஸ் டிரைவர். சிஎம்ஐ 9739 என்றால் சி-மீடியா. இதைப் பார்க்கத் தெரிந்த பிறகு கடைப் பையன்களுக்கு வேலையில் தனி ருசி வந்துவிடும். முதல் முறை நண்டைக் கண்டுபிடித்த பையன் முகத்தை நான் மறக்கவில்லை.

2004க்குப் பிறகு எச்டி ஆடியோ வந்தது. எக்ஸ்பிக்கு அது தெரியாது. மைக்ரோசாப்ட் வெளியிட்ட கேபி 888111 என்ற திருத்தத்தை முதலில் போட்டு, அதன் பிறகு ரியல்டெக் டிரைவரைப் போட வேண்டும். வரிசை மாறினால் சத்தம் வராது. சாட்டா ஹார்ட் டிஸ்க் வந்தபோது இன்னொரு கொடுமை. எக்ஸ்பி போட ஆரம்பித்தால் ஹார்ட் டிஸ்க்கே இல்லை என்று சொல்லும். தொடக்கத்தில் எஃப்6 அழுத்தி அதற்கான டிரைவரைக் கொடுக்கலாம். ஆனால் பிளாப்பியிலிருந்து மட்டும்தான். பிளாப்பி டிரைவே இல்லாமல் பெட்டிகள் வரத் தொடங்கிய காலம் அது. ஒரு பிளாப்பி டிரைவைக் கேபிளோடு பையில் போட்டுக்கொண்டு அச்சகம் அச்சகமாகத் திரிந்தோம். பிறகு என்லைட் என்ற புரோகிராம் வந்தது; டிரைவர்களை எக்ஸ்பி சி.டி.க்குள்ளேயே சேர்த்து எழுதிக்கொள்ளலாம்.

பையில் இன்னொன்றும் எப்போதும் இருக்கும்: ரியல்டெக் 8139 சிப் வைத்த நெட்வொர்க் கார்டு. விலை மலிவு. எந்தப் பிசிஐ ஸ்லாட்டிலும் உட்காரும். முக்கியமாக, அதற்கான டிரைவர் எக்ஸ்பிக்குள்ளேயே இருக்கிறது. போர்டில் உள்ள லேன் என்னவென்றே தெரியாத பெட்டியிலும் இதைச் செருகினால் அடுத்த நிமிஷம் நெட்வொர்க் வந்துவிடும். இன்டர்நெட் வந்துவிட்டால் மற்றதெல்லாம் தேடி எடுத்துக்கொள்ளலாம். 2005இல் பி.எஸ்.என்.எல். பிராட்பேண்ட் வந்ததும் இந்தக் கார்டு எங்கள் கையில் சாவியாகிவிட்டது. அந்தத் திட்டங்களில் சிலவற்றில் ராத்திரி 2 மணியிலிருந்து காலை 8 வரை இறக்குவது கணக்கில் சேராது. விடியற்காலையில் அலாரம் வைத்து எழுந்து, கம்பெனி கம்பெனியாக டிரைவர் பக்கங்களை இறக்கி வைத்தவர்கள் நான் மட்டுமல்ல.

அதே 8139 சிப்புக்கு லினக்ஸில் டிரைவர் எழுதியவர் டொனால்ட் பெக்கர். அமெரிக்காவில் நாசாவின் காடார்ட் மையத்தில் 1994இல் தாமஸ் ஸ்டெர்லிங்கோடு சேர்ந்து, கடையில் கிடைக்கும் சாதாரணக் கம்ப்யூட்டர்களைக் கோத்து பியோவுல்ஃப் என்ற கூட்டுக் கணினியை அமைத்தவர். அந்த வேலைக்கு மலிவான நெட்வொர்க் கார்டுகள் தேவைப்பட்டன; ஒவ்வொன்றுக்கும் டிரைவர் எழுதி எல்லோருக்கும் கொடுத்துவிட்டார். பிறகு ஜெஃப் கார்சிக் என்பவர் அதை எடுத்துத் திருத்தினார். இன்றைய லினக்ஸிலும் அது இருக்கிறது. விண்டோஸ் டிரைவருக்கும் இதற்கும் உள்ள வித்தியாசத்தை நான் மெதுவாகத்தான் புரிந்துகொண்டேன். அங்கே டிரைவர் கம்பெனியோடு பிறந்து கம்பெனியோடு போகிறது. இங்கே ஒருவர் விட்டால் இன்னொருவர் எடுத்துக்கொள்ள வழியிருக்கிறது.

கம்பெனிகள் போனதையும் சொல்ல வேண்டும். வூடூ கார்டு செய்த 3டிஎஃப்எக்ஸ் 2000 டிசம்பரில் தன் சொத்துகளை என்விடியாவுக்கு விற்க ஒப்புக்கொண்டது. அந்தக் கார்டுகளுக்குப் புது டிரைவர் எழுதக் கம்பெனி இல்லாமல் போனது. ஏடிஐயை 2006இல் ஏஎம்டி வாங்கியது. சிஸ், வியா இரண்டும் போர்டு சிப்செட் வியாபாரத்தை விட்டு ஒதுங்கின. இன்டெல் 2013 ஜனவரியில் டெஸ்க்டாப் போர்டு தயாரிப்பதை நிறுத்தப்போவதாக அறிவித்தது. 2019 கடைசியில் பழைய போர்டுகளின் பயாஸ், டிரைவர் கோப்புகளைத் தளத்திலிருந்து எடுத்தது. புருஸ்டர் காலே 1996இல் தொடங்கிய இன்டர்நெட் ஆர்க்கைவில் பலர் முந்திக்கொண்டு ஏற்றி வைத்ததால் நிறையக் கோப்புகள் தப்பின. 2007இல் வந்த விஸ்டாவிலிருந்து 64 பிட் விண்டோஸ் முத்திரையில்லாத டிரைவரை உள்ளே விடுவதில்லை. எக்ஸ்பிக்கு மைக்ரோசாப்ட் ஆதரவு 2014 ஏப்ரல் 8இல் முடிந்தது. நடுவில், டிரைவரைத் தானே கண்டுபிடித்துப் போடுவதாகச் சொல்லும் புரோகிராம்கள் கிளம்பின. ஒன்றிரண்டு உருப்படி. மற்றவை டிரைவரோடு வேண்டாததையெல்லாம் கூட்டிக்கொண்டு வந்து, ஓடிக்கொண்டிருந்த பெட்டியையும் படுக்கவைக்கும். அப்படி வந்த பெட்டிகளைத் துடைத்து எடுக்கும்போது எனக்குக் கோபம்தான் வரும். அச்சகத்துப் பிள்ளை நம்பித்தானே அதைப் போட்டது.

டிரைவர் இல்லாத சாமானுக்குப் பக்கத்து உறவில் ஒரு டிரைவரைப் பிடித்துப் போடுவதும் எங்கள் தொழிலில் உண்டு. பில் போடும் டிவிஎஸ் டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டர்கள் எப்சன் பாஷை பேசும். பட்டியலில் எப்சன் வகையைத் தேர்ந்தெடுத்தால் அடிக்கும். எச்பி லேசர்ஜெட் 1010 பிரிண்டரை விண்டோஸ் 7இல் ஓட்ட, போர்ட்டில் டாட்4ஐத் தேர்ந்தெடுத்து, பட்டியலில் 3055 பிசிஎல்5 என்பதைக் கொடுக்க வேண்டும். யார் முதலில் கண்டுபிடித்தார்களோ, கை மாறிக் கை மாறி எங்கள் ஊருக்கும் வந்து சேர்ந்தது.

சென்ற வருஷம் ஓர் அச்சகத்தில் பழைய ஸ்கேனர் ஒன்று நின்றுவிட்டது. கோவில்பட்டி கொண்டையராஜுவும் அவருடைய சீடர்களும் வரைந்த சாமி படங்களைக் காலண்டராக அடித்த ஊர் இது; அந்த வழியில் வந்த மூலப் படங்கள் சில அந்த வீட்டில் இருக்கின்றன. பெரியவருக்கு அந்த ஸ்கேனரின் வண்ணம்தான் பிடிக்கும்.

"ஏம்மா, புதுசுல எடுத்தா மஞ்சளு வெளுத்துப் போவுது. இதையே பாத்துக் குடுத்துரு" என்றார்.

"டிரைவர் பிளாப்பி இருக்கா அண்ணாச்சி?"

"அதெல்லாம் எங்க அய்யா காலத்துல வாங்குனது தாயி."

ஸ்கேனரோடு வந்த ஐஎஸ்ஏ ஸ்கஸி கார்டில் டிடிசி 3181ஈ என்று இருந்தது. எக்ஸ்பிக்கு என் பைகளில் எதுவும் இல்லை. லினக்ஸில் என்சிஆர் 5380 சிப்புக்கான பொது டிரைவரைப் பார்த்தேன். அதற்குக் கொடுக்கக்கூடிய விருப்பச் சொற்களில் இந்தக் கார்டின் பெயரும் இருந்தது. யாரோ ஒருவர் தன்னிடமிருந்த கார்டுக்காக உட்கார்ந்து சேர்த்த சில வரிகள். பழைய 32 பிட் லினக்ஸைப் போட்டு, அந்தச் சொல்லைக் கொடுத்ததும் ஸ்கேனர் விளக்கு எரிந்து நகர்ந்தது. பெரியவர் முருகன் படத்தைக் கொண்டுவந்து கண்ணாடிமேல் வைத்தார். மயிலின் கழுத்து நீலம் வந்தவுடன் "இதாம்மா, இதான்" என்றார்.

ஆனால் அதே அச்சகத்தில் எழுத்துருப் பூட்டு இன்னும் திறக்கவில்லை. விண்டோஸ் 98 இருந்தவரை புரோகிராம் நேராகப் போர்ட்டைத் தொட்டுப் பூட்டைப் படித்துக்கொண்டது. எக்ஸ்பி எந்தப் புரோகிராமையும் அப்படித் தொட விடாது. பூட்டுக்கென்று தனி டிரைவர் வேண்டும். விற்ற கம்பெனி இப்போது இல்லை. வந்த பிளாப்பி படிக்கவில்லை. அந்தக் காலத்தில் ஒரு காலண்டர் சீசனில் ஊரில் பல அச்சகங்கள் ஒரே ஏஜென்டிடம் அதே எழுத்துருவை வாங்கியது எனக்குத் தெரியும். யாராவது ஒருவர் பீரோவில் இன்னொரு பிளாப்பி இருக்கத்தான் வேண்டும். சாட்சியாபுரத்தில் கேட்டு முடித்துவிட்டேன். திருத்தங்கலில் இன்னும் சில அச்சகங்கள் பாக்கி இருக்கின்றன.